இடைசெவலில் பார்க்க என்ன இருக்கு?

கரிசல் இலக்கியச் சுற்றுலாவுக்கு ஒரு பாதை கிட்டத்தட்ட முடிவாகிவிட்டது. வாசகர் வட்டமோ, கல்லூரித் தமிழ்த்துறையோ, நாலு நண்பர்கள் சேர்ந்து எடுத்த வேனோ, யார் கிளம்பினாலும் ஏறக்குறைய அதே வரிசைதான். காலையில் கோவில்பட்டியில் டிபன். கி.ரா. நினைவரங்கத்தில் ஒரு குழுப்படம். அங்கிருந்து நான்குவழிச் சாலையில் தெற்கே இறங்கினால் இடைசெவல், கி.ராஜநாராயணனும் கு.அழகிரிசாமியும் பிறந்த ஊர். மதியம் எட்டயபுரம்: பாரதி பிறந்த வீடு, மணிமண்டபம். வெயில் தாழக் கழுகுமலை: வெட்டுவான் கோயில், சமணச் சிற்பங்கள். திரும்பும் வழியில் கடலை மிட்டாய், வீட்டுக்கு ரெண்டு பாக்கெட். விவரம் தெரிந்த ஒருவர் கூடவே விளக்கம் சொல்லிக்கொண்டு வருவார். பண்பாடு, இயற்கை, இலக்கியம் மூன்றும் ஒரே நாளில், கையைக் கடிக்காத செலவில் முடிந்துவிடும்.

செலவு குறைவாக இருப்பதில் எனக்கு ஒரு புகாரும் இல்லை. கையில் காசில்லாத வாசகன்தான் எப்போதும் நல்ல வாசகனாக இருந்திருக்கிறான். ஒரே நாளில் முடிப்பதிலும் புகார் இல்லை, எல்லோருக்கும் லீவு கிடைப்பது அவ்வளவுதான். கேள்வி வேறு. ஒரு பாதை போடுவது ஒரு தொகுப்பு நூல் போடுவது மாதிரி. எதைச் சேர்க்கிறோம், எதை விடுகிறோம், எதற்குப் பக்கத்தில் எதை வைக்கிறோம் என்பதிலேயே ஒரு வாசிப்பு இருக்கிறது. அப்படியானால் இந்தப் பாதையையும் ஒரு பிரதியாக எடுத்து விமர்சனம் செய்யலாம். கரிசல் இலக்கியத்தை இந்தப் பாதை எப்படி வாசிக்கிறது? அந்த வாசிப்பு சரியா?

என் பதிலை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இந்தப் பாதை கரிசலைக் கட்டிடங்களின் வரிசையாக வாசிக்கிறது. கரிசல் எழுத்தாளர்களோ அதைப் போகிறவர்கள் வருகிறவர்களின் நிலமாக எழுதினார்கள். அவர்கள் கதைகளில் பயணம் போகாத ஆளே குறைவு. சுற்றிப்பார்க்க வந்த ஆள் மட்டும் அநேகமாக இல்லை.

1. கதவில் ஏறிப் போன பஸ்

கி.ரா.வின் ‘கதவு’ கதையைப் படிக்காத தமிழ் வாசகர் குறைவு. பள்ளிப் பாடத்தில் படித்திருப்பீர்கள், அல்லது யாராவது சொல்லக் கேட்டிருப்பீர்கள். ஒரு ஏழை வீட்டுக் கதவு. அந்த வீட்டுப் பிள்ளைகள் அதில் ஏறித் தொற்றிக்கொண்டு முன்னும் பின்னும் ஆட்டி பஸ் விளையாட்டு விளையாடுகிறார்கள். டிக்கெட் உண்டு, போய்ச் சேர ஊர் உண்டு. ஒருநாள் தீர்வை பாக்கிக்காகக் கதவைக் கழற்றிக்கொண்டு போய்விடுகிறார்கள். கதவில்லாத வீட்டுக்குள் குளிர் வருகிறது. கைக்குழந்தை இறந்துபோகிறது. பின்னால் ஒருநாள் பிள்ளைகள் அந்தக் கதவைக் கண்டுபிடிக்கிறார்கள். கேட்பாரற்றுச் செல்லரித்துக் கிடக்கும் அதை ஓடிப்போய்க் கட்டிக்கொள்கிறார்கள்.

இந்தக் கதையில் எதை எடுத்துக் கண்ணாடிப் பெட்டிக்குள் வைப்பீர்கள்? ஒரு பழைய கதவை வைக்கலாம். பார்க்கிறவர்கள் படம் எடுத்துக்கொள்ளலாம். ஆனால் கதை முழுக்க, கதவு கழற்றப்பட்ட பிறகு அந்த வீட்டுக்குள் வந்த காற்றில்தான் இருக்கிறது. அந்தக் கதவுக்கு மதிப்பு வந்தது அதன் வேலைப்பாட்டால் இல்லை. பிள்ளைகள் அதில் ஏறிப் போனார்கள், அதனால். கி.ரா. பொருட்களை எழுதும்போதெல்லாம் இப்படித்தான். ‘நாற்காலி’ கதையில் நாற்காலி வீட்டுக்கு வருகிறது, அதைப் பார்க்கக் கூட்டம் வருகிறது. போகப்போக அதில் உட்காரவைக்கப்படுவது ஊரில் செத்துப்போனவர்கள். பொருள் அதே பொருள்தான். பயன்படுத்துகிறவர்கள் அதைக் கதையாக்குகிறார்கள்.

கி.ரா. தன் படிப்பைப் பற்றிச் சொன்ன பகடி எல்லோருக்கும் தெரியும். மழைக்குத்தான் பள்ளிக்கூடத்தில் ஒதுங்கினாராம், ஒதுங்கியும் பள்ளிக்கூடத்தைப் பார்க்காமல் மழையைப் பார்த்துக்கொண்டிருந்தாராம். அதைத் தன்னடக்கமாகவும் எடுத்துக்கொள்ளலாம், ஒரு அழகியல் கொள்கையாகவும் எடுத்துக்கொள்ளலாம். கட்டிடம் காட்டப்படும்போது வெளியே பெய்வதைப் பார்ப்பது. நம் ஒருநாள் பாதை நேர் எதிராகச் செய்கிறது. மழைக்காலத்தைத் தவிர்த்துவிட்டுப் பள்ளிக்கூடத்தைக் காட்டுகிறது.

2. தலைமையாசிரியரும் அத்துவான ஸ்டேஷனும்

கு.அழகிரிசாமியிடம் வருவோம். இடைசெவலில் 1922 செப்டம்பரில் கி.ரா., 1923 செப்டம்பரில் அழகிரிசாமி. ஒருவர் சம்சாரி வீட்டுப் பிள்ளை, இன்னொருவர் ஆசாரி வீட்டுப் பிள்ளை. ஒன்றாகச் சுற்றினார்கள், ஒன்றாகப் படித்தார்கள், சங்கீதப் பைத்தியமும் ரெண்டு பேருக்கும் சேர்ந்தே பிடித்தது. ஒருவர் 1970-இல் 46 வயதில் போய்விட்டார். மற்றவர் 2021 வரை இருந்தார். அழகிரிசாமிக்கு ‘அன்பளிப்பு’ தொகுப்புக்காக இறந்த பிறகு சாகித்ய அகாதெமி விருது கிடைத்தது. கி.ரா.வுக்குக் ‘கோபல்லபுரத்து மக்கள்’ நாவலுக்காக 1991-இல் கிடைத்தது. ஒரே கிராமத்துக்கு ரெண்டு விருது என்பதை வழிகாட்டிகள் தவறாமல் சொல்வார்கள். சொல்ல வேண்டியதுதான்.

ஆனால் அழகிரிசாமியின் ‘குமாரபுரம் ஸ்டேஷன்’ கதையை அவர்கள் அவ்வளவாகச் சொல்வதில்லை. அந்த ஊரைச் சுற்றிப்பார்க்க வருகிறவர் படிக்க வேண்டிய முதல் கதை அதுதான் என்பேன். ஒருநாள் சுற்றுலாவைப் பற்றிய விமர்சனத்தை அழகிரிசாமி முன்கூட்டியே எழுதி வைத்துவிட்டுப் போயிருக்கிறார்.

குமாரபுரம், கோவில்பட்டிக்கும் கடம்பூருக்கும் நடுவில் இருக்கும் சின்ன ரயில் நிலையம். கதையில் ஸ்டேஷன் மாஸ்டரின் நண்பரான ஒரு பள்ளித் தலைமையாசிரியர் அங்கே வந்து தங்குகிறார். சுற்றிலும் பார்க்கிறார். ஊர் இல்லை, ஆள் இல்லை, ஏற ஆள் இல்லை, இறங்க ஆள் இல்லை. இப்படி ஒரு அத்துவானத்தில் எதற்கு ஒரு ஸ்டேஷன் என்று அவருக்குச் சிரிப்பாக வருகிறது. படித்தவர், ரசனை உள்ளவர், கெட்ட மனசும் இல்லை. வந்து பார்த்தார், பார்க்க ஒன்றும் இல்லை என்று தீர்ப்புச் சொல்கிறார். சுற்றுலாப் பயணிக்கு அவ்வளவு பக்கத்தில் வருகிற பாத்திரம் கரிசல் கதைகளில் இவர்தான்.

அவர் மனசு எங்கே மாறுகிறது என்பதைக் கவனியுங்கள். ஸ்டேஷனை இன்னொரு தடவை உற்றுப் பார்த்ததால் மாறவில்லை. அதன் வரலாற்றை யாரோ எடுத்துச் சொன்னதால் மாறவில்லை. திரும்பிப் போகும்போது அதே ஸ்டேஷனில் கிராமத்துச் சிறுவர்கள் சிலர் பெரியவர் ஒருவரோடு ரயில் ஏறுகிறார்கள். கோவில்பட்டிப் பள்ளிக்கூடத்தில் சேரப் போகிறார்கள். அந்தப் பெட்டிக்குள் நடக்கும் பேச்சு, பையன்களின் பயம், பக்கத்தில் இருக்கும் முன்பின் தெரியாத பயணிகள் அவர்கள் மேல் காட்டும் அக்கறை, இதெல்லாம் சேர்ந்து அவரை மாற்றுகிறது. ஆள் வராத அந்த ஸ்டேஷன்தான் இந்தப் பிள்ளைகளுக்கு உலகத்தின் வாசல் என்று அவருக்கு உறைக்கிறது. அவர் வாழ்நாள் முழுக்க வேலை பார்த்த பள்ளிக்கூடத்தைவிட இந்தச் சின்ன ஸ்டேஷன் பெரிய காரியம் செய்கிறது.

பிளாட்பாரத்தில் நின்று பார்த்தபோது அவருக்கு ஒன்றும் தெரியவில்லை. சேர்ந்து போனபோது தெரிந்தது. அழகிரிசாமி இதற்காகக் குரலை உயர்த்தவே இல்லை. அவர் கதைகளில் யாரும் உபதேசம் பண்ணுவதில்லை. ஒரு பெட்டியில் ஏற்றி உட்காரவைத்துவிடுவார், அவ்வளவுதான்.

‘ராஜா வந்திருக்கிறார்’ கதையிலும் இதே இயக்கம் உண்டு. தீபாவளி நேரத்தில் ராஜா என்று பெயருள்ள ஓர் அனாதைப் பையன் ஓர் ஏழைத் தாயின் வாசலுக்கு வருகிறான். அதே சமயம் பெரிய வீட்டுக்கும் ஒரு ‘ராஜா’ வந்திருக்கிறார். ஊர் வேடிக்கை பார்க்கும் ராஜா பெரிய வீட்டில். கதை நடப்பது சின்ன வீட்டில். வேடிக்கை எங்கேயோ அங்கே கதை இல்லை.

3. பாதை விட்டுவிட்ட ஊர்கள்

தொகுப்பு நூலை மதிப்பிடும்போது உள்ளே இருப்பதைப் பார்ப்பதோடு விமர்சகர் வேலை முடியாது. இல்லாததையும் பார்க்க வேண்டும். கோவில்பட்டி வட்டாரத்தில் இன்னும் ரெண்டு சாகித்ய அகாதெமி விருதுகள் உண்டு: ‘அஞ்ஞாடி’க்காக 2014-இல் பூமணி, ‘சூல்’ நாவலுக்காக 2019-இல் சோ.தருமன். விருதுக் கணக்கிலேயே பேசினாலும் பாதி பாதையில் இல்லை.

இது வெறும் மறதி என்று எனக்குத் தோன்றவில்லை. இடைசெவல், எட்டயபுரம், கழுகுமலை என்று கோடு போட்டால் கிடைப்பது ஊரை உண்டாக்கியவர்கள், அரண்மனை, கோயில் இவற்றின் கரிசல். ‘கோபல்ல கிராமம்’ (1976) தெலுங்கு நாட்டிலிருந்து தப்பி வந்தவர்கள் காட்டை எரித்து நிலமாக்கி ஊர் ஆன கதை. தமிழின் பெரிய நாவல்களில் ஒன்று, சந்தேகம் இல்லை. அதை வாசிக்கும் யாருக்கும் அந்த மனிதர்கள்மேல் பிரியம் வந்துவிடும். ஆனால் அது ஊரை உண்டாக்கியவர்கள் சொன்ன கதை. அதே நிலத்தில் அந்த ஊர்களுக்குத் தோல் வேலை செய்துகொடுத்த ஒருவர் என்ன பார்த்தார்? அதற்குப் பூமணியின் ‘பிறகு’ (1979) நாவலுக்கு, அழகிரி என்ற சக்கிலியரின் வீட்டுக்குப் போக வேண்டும். கி.ரா.வின் ஊரும் பூமணியின் ஊரும் ஒரே வெயிலில்தான் காய்கின்றன. தெருவுக்குள் நுழையும் வாசல் வேறு.

பூமணியின் ‘வெக்கை’ (1982) இன்னும் சுவாரசியமான உதாரணம். ‘அசுரன்’ படம் வந்த பிறகு உங்களில் பலருக்கு அந்தக் கதை தெரியும், ஆனால் நாவலின் சுகமே வேறு. பதினைந்து வயசுப் பையன் ஒருவன் ஒரு கொலை செய்துவிடுகிறான். அப்பனும் மகனும் சில நாட்கள் ஒளிந்து திரிகிறார்கள். நாவலில் பெரும்பாலும் நடப்பது நடைதான். கிணறு, ஓடை, புதர், பாறை, மலையடிவாரம். சாப்பாடு எங்கே கிடைக்கும், தண்ணி எங்கே குடிக்கலாம், ராத்திரி எங்கே படுக்கலாம். கரிசல் நிலத்தின் இயற்கையை இவ்வளவு நுணுக்கமாகக் காட்டும் இன்னொரு நாவலைச் சொல்வது கஷ்டம். ஆனால் அந்த நுணுக்கம் ரசிப்பதற்காக வந்தது இல்லை. இந்தப் புதர் ஒரு ஆளை மறைக்குமா என்ற கேள்வியில் வந்தது. சுற்றுலாக்காரன் ஓர் இடத்துக்குப் போய், அங்கே இருந்ததை நாலு பேருக்குக் காட்ட வேண்டும். அந்தப் பையனோ ஓர் இடத்தில் இருந்தது யாருக்கும் தெரியக் கூடாது. ஒரே பாறையை ரெண்டு பேரும் பார்க்கிறார்கள்.

சோ.தருமனின் ‘சூல்’ (2016) உருளைக்குடிக் கண்மாயைச் சுற்றி எழுதப்பட்டது. நிறைந்த கண்மாயைச் சூலியாகப் பார்க்கும் தலைப்பே ஒரு கவிதை. கண்மாயை வெட்டியவர்கள், காத்தவர்கள், மடை திறந்து நீர் பாய்ச்சியவர்கள், பிறகு அது எப்படிக் கைவிடப்பட்டது என்பதெல்லாம் நாவலில் இருக்கிறது. கரிசலில் பார்க்கத் தகுந்த கட்டுமானம் ஒன்று உண்டென்றால் அது கண்மாய்க்கரைதான். அதற்கு டிக்கெட் இல்லை, பலகை இல்லை, வேன் நிற்க இடமும் இல்லை. பாதையில் அது இல்லாமல் போனதற்கு வேறு காரணம் தேட வேண்டாம்.

கழுகுமலையைப் பற்றி ஒரு வார்த்தை. அங்கே போகக் கூடாது என்று யார் சொல்வார்கள்? எட்டாம் நூற்றாண்டுப் பாண்டியர் காலத்தில் ஒரே பாறையை மேலிருந்து குடைந்து செதுக்கி, முடிக்காமல் விட்ட வெட்டுவான் கோயில் தமிழ்நாட்டின் அதிசயங்களில் ஒன்று. ஆனால் வழிகாட்டி அங்கே சொல்லும் அப்பா சிற்பி, மகன் சிற்பி போட்டிக் கதையில் நின்றுவிடாதீர்கள். அதே கழுகுமலைக்குத்தான் சென்னிகுளம் அண்ணாமலை ரெட்டியார் காவடிச்சிந்து பாடினார். காவடிச்சிந்து, நடந்து போகிறவர்களின் காலுக்காகக் கட்டிய பாட்டு. 1895-இல் அங்கே நடந்த கலவரத்தை ‘அஞ்ஞாடி’ எழுதுகிறது. தேர்வீதியில் யார் ஊர்வலம் போகலாம் என்பதில் வெடித்த சண்டை அது. ஒரு தெரு வழியாக யார் போகலாம் என்பதற்காக ரத்தம் சிந்திய ஊரில் நாம் எந்தத் தெருவுக்குள்ளும் கேமராவோடு நுழைகிறோம். அந்த வித்தியாசம் தெரிந்து நுழைந்தால் நல்லது.

4. தோசைக்கல்லின் பெயர் வைத்த ஊர்

இந்தச் சிக்கல் நமக்கு மட்டும் வந்ததில்லை. மெக்சிகோவின் ஹுவான் ருல்ஃபோ 1955-இல் ‘பெத்ரோ பராமோ’ என்ற சின்ன நாவலை எழுதினார். அப்பாவைத் தேடிக் கோமாலா என்ற ஊருக்கு ஒருவன் வருகிறான். ஊரில் எல்லோரும் செத்தவர்கள், பேச்சு மட்டும் மிச்சம் இருக்கிறது. ‘கோமால்’ என்றால் அங்கே சோள ரொட்டி சுடும் கல். நம்ம ஊர் தோசைக்கல் என்று வைத்துக்கொள்ளுங்கள். சித்திரை மாசக் கரிசலை நினைத்தால் பெயர் பொருத்தம் புரியும். ருல்ஃபோவின் சிறுகதைகளிலும் இதே காய்ச்சல் நிலம்தான். ஒன்றும் விளையாத வெட்டவெளியை அரசாங்கம் விவசாயிகளுக்கு ‘நிலம்’ என்று கொடுக்கும் கதையைப் படித்தால், இது நம்ம கோவில்பட்டிக்கு மேற்கேதான் நடந்திருக்க வேண்டும் என்று தோன்றும்.

இதில் வேடிக்கை என்னவென்றால், மெக்சிகோவில் கொலீமா மாநிலத்தில் கோமாலா என்று நிஜமாகவே ஓர் ஊர் இருக்கிறது. வெள்ளையடித்த வீடுகள், மர நிழல், பின்னால் எரிமலை. நாவலின் கோமாலாவுக்கும் அதற்கும் பெயரைத் தவிர ஒட்டு கிடையாது. அந்த ஊர் அரசின் ‘மந்திர ஊர்கள்’ சுற்றுலாத் திட்டத்தில் இடம்பெற்று, பயணிகள் வந்து ருல்ஃபோ சிலையோடு படம் எடுத்துக்கொள்கிறார்கள். நாவலில் செத்தவர்களின் முணுமுணுப்பைத் தேடிப் போனவருக்குச் சதுக்கத்தில் நல்ல சாப்பாடு கிடைக்கிறது. ருல்ஃபோ டயர் கம்பெனி ஒன்றின் விற்பனைப் பிரதிநிதியாக நாடெல்லாம் சுற்றியவர், நல்ல புகைப்படக்காரரும்கூட. ஊர் ஊராகச் சுற்றிய அந்த மனிதர் கடைசியில் எழுதியது வரைபடத்தில் இல்லாத ஓர் ஊரை.

கொலம்பியாவில் மார்க்கேஸ் பிறந்த அராகடாகா இன்னொரு படி மேலே போனது. ஊர்ப் பெயரோடு ‘மகோந்தா’வைச் சேர்க்கலாமா என்று 2006-இல் வாக்கெடுப்பு நடத்தினார்கள். வாக்களிக்கப் போதுமான பேர் வரவில்லை, திட்டம் தோற்றது. அந்த ஊர் ஜனங்கள் மேல் எனக்கு மரியாதை வந்தது இந்த ஒரு விஷயத்தால்தான். நாவலுக்குள் குடியிருக்க அவர்களுக்கு அவசரம் இல்லை.

கோபல்ல கிராமமும் வரைபடத்தில் இல்லை. இடைசெவலுக்குப் போய் ‘இதுதானே கோபல்லம்?’ என்று கேட்பவருக்கு ஊர்க்காரர்கள் ஆமாம் என்றும் சொல்வார்கள், இல்லை என்றும் சொல்வார்கள். ரெண்டும் சரி.

5. இயற்கை எந்த மாசம் இருக்கும்?

சுற்றுலா அறிவிப்பில் ‘இயற்கை’ என்று ஒரு சொல் வரும். கரிசலில் அந்தச் சொல்லுக்கு மாசம் கேட்க வேண்டும்.

கி.ரா., அழகிரிசாமி ரெண்டு பேரின் பிறந்தநாளும் செப்டம்பரில் வருகிறது. அந்தச் சமயத்தில்தான் வாசகர்கள் கிளம்புவார்கள். ஆவணிக் கடைசி, புரட்டாசி ஆரம்பம். நிலம் உழுது கறுப்பாகக் கிடக்கும். பச்சை என்று கண்ணில் படுவது பெரும்பாலும் சீமைக்கருவேலம், தூரத்தில் கயத்தாறு பக்கம் காற்றாலைகள். வந்தவர் ‘வெறும் பொட்டலா இருக்கே’ என்பார். அந்தப் பொட்டலுக்குள் மழையை நம்பிப் புழுதியில் விதைத்திருப்பார்கள், அல்லது விதைக்கலாமா வேண்டாமா என்று வானத்தைப் பார்த்துக்கொண்டு இருப்பார்கள். ஒரு சம்சாரிக்கு வருஷத்திலேயே பதற்றமான வாரங்கள் அவை. அந்தப் பதற்றம் படத்தில் விழாது.

ஐப்பசி, கார்த்திகையில் மழை பிடித்துவிட்டால் கரிசல் காலை விடாது. செருப்பில் ஒட்டி ஒட்டி ஒவ்வொரு காலும் ரெண்டு கிலோ கனக்கும், வண்டி புதையும். சுற்றுலா அமைப்பாளர் யாரும் அப்போது வரமாட்டார். மார்கழி, தையில் உளுந்தும் பாசியும் மக்காச்சோளமும் நிற்கும்போது வந்தால் இதே இடம்தானா என்று கண்ணைக் கசக்கிக்கொள்வார். சித்திரை, வைகாசியில் நிலம் பாளம் பாளமாக வெடிக்கும். அந்த வெடிப்பும் மண்ணின் குணம்தான். வெயிலில் பிளந்து, மழையில் மூடி, தன்னைத்தானே உழுதுகொள்ளும் மண் என்று இதைச் சொல்வதுண்டு.

இதையெல்லாம் ஒரே நாளில் காட்ட முடியாது என்பது அமைப்பாளரின் குற்றம் இல்லை. ஆனால் நீங்கள் பார்ப்பது பன்னிரண்டில் ஒரு மாசம் என்றாவது சொல்லலாம். 1901-இல் தொடங்கிய கோவில்பட்டி வேளாண்மை ஆராய்ச்சி நிலையம் இந்த மானாவாரி நிலத்தை நூறு வருஷத்துக்கு மேலாகப் படித்துக்கொண்டிருக்கிறது. ‘கே’ என்ற எழுத்தில் தொடங்கும் பருத்தி, சோள ரகங்களில் அந்த ‘கே’ கோவில்பட்டியைக் குறிக்கும். அதன் வாசலை ஒருமுறை காட்டினாலே ‘இயற்கை’ என்ற சொல்லுக்குள் வேலை என்பது வந்து சேர்ந்துவிடும். 2018-க்குப் பிறகு மக்காச்சோளத்தில் படைப்புழு விழுந்ததைப் பற்றி டீக்கடையில் யாரிடமாவது கேட்டுப்பாருங்கள். கரிசல் இலக்கியத்தின் அடுத்த அத்தியாயம் அங்கேதான் நடந்துகொண்டிருக்கிறது.

இந்த நிலத்துக்கு ஒரு வழிகாட்டி நூல் வேண்டுமென்றால் அது ஏற்கெனவே இருக்கிறது. கி.ரா. தொகுத்த ‘கரிசல் வட்டார வழக்கு அகராதி’. தமிழில் ஒரு வட்டாரத்தின் பேச்சுக்கு அகராதி போட்ட முன்னோடி வேலை அது, பல்கலைக்கழகம் எதிலும் படிக்காத ஒருவர் செய்தது. ஒரு சொல்லை எடுத்துக்கொள்வோம். ‘காடு’. வெளியூர்க்காரருக்குக் காடு என்றால் மரம், மிருகம். கரிசலில் ‘காட்டுக்குப் போயிருக்காக’ என்றால் வயலுக்கு, பிஞ்சைக்கு வேலைக்குப் போயிருக்கிறார்கள் என்று அர்த்தம். கரிசல்காடு என்ற பெயரைச் சுற்றுலாக்காரர் தப்பாகப் படிக்கும் இடம் இதுதான். அவர் காட்டைத் தேடுகிறார். எல்லோரும் காட்டில்தான் இருக்கிறார்கள், அதனால் ஊரில் ஆள் இல்லை. ‘இடைசெவல்ல பார்க்க ஒண்ணும் இல்லப்பா’ என்று சொல்லிவிட்டு வேன் கிளம்பிவிடுகிறது.

6. டவுன் பஸ்

அப்படியானால் போகவே வேண்டாமா? போகத்தான் வேண்டும். நினைவரங்கமும் மணிமண்டபமும் வேண்டாம் என்று சொல்லும் ஆள் நான் இல்லை. எழுத்தாளனுக்கு அரசாங்கம் ஒரு அரங்கம் கட்டுவது தமிழ்நாட்டில் தினமும் நடக்கிற காரியமா? 2021 மே மாசம் கி.ரா. புதுச்சேரியில் இறந்தபோது அரசு மரியாதையோடு இடைசெவலுக்குக் கொண்டுவந்தார்கள். அடுத்த வருஷமே கோவில்பட்டியில் அரங்கம் திறந்தது. சந்தோஷம்தான். அங்கே போய் நின்று, அந்த வட்டாரப் பேச்சுக்குக் கிடைத்த மரியாதை இது என்று ஒரு நிமிஷம் நினைத்துக்கொள்வது நியாயம்.

நான் கேட்பது வேனை விடச்சொல்லி. நிஜமான குறைந்த செலவுப் பயணம் டவுன் பஸ்தான். கோவில்பட்டியிலிருந்து எட்டயபுரத்துக்கும் கயத்தாறுக்கும் கழுகுமலைக்கும் பஸ் இருக்கிறது. 2021-இலிருந்து சாதாரண டவுன் பஸ்ஸில் பெண்களுக்கு டிக்கெட்டே இல்லை. தீப்பெட்டி ஆபீசுக்கும் ஆஸ்பத்திரிக்கும் ரேஷன் கார்டு வேலைக்கும் போகும் பெண்கள் அதில் நிறைந்திருப்பார்கள். குமாரபுரம் ஸ்டேஷனில் அன்றைக்கு ரயில் செய்த வேலையை இன்றைக்கு இந்த பஸ் செய்கிறது. நாலு இடம் பார்க்க முடியாது, ரெண்டுதான் முடியும். பஸ் வரும்வரை ஒரு மணி நேரம் வேப்பமரத்தடியில் உட்கார வேண்டிவரும். அந்த ஒரு மணி நேரத்தைத்தான் வேன் உங்களிடமிருந்து பிடுங்கிக்கொள்கிறது.

கூட்டிப்போகிறவர்களுக்கும் ஒரு விண்ணப்பம். எழுத்தாளர் வீட்டுக்குள் புகுந்து அங்கே இப்போது குடியிருப்பவர்களைத் தொந்தரவு செய்ய வேண்டாம். உருளைக்குடிக் கண்மாய்க்கரையை ஒரு நிறுத்தமாகச் சேருங்கள். கிளம்புவதற்கு முன்னால் எல்லோரும் ஒரே ஒரு கதையையாவது படித்துவிட்டு வரச்சொல்லுங்கள். எது என்று கேட்டால் ‘குமாரபுரம் ஸ்டேஷன்’. மத்தியானச் சாப்பாட்டை ஊரில் யாரிடமாவது சொல்லிவைத்துக் காசு கொடுத்துச் சாப்பிடுங்கள். கம்மஞ்சோறு ‘பாரம்பரிய உணவு’ ஆகிவிட்டதே என்று சாப்பாடு போடுகிறவர்கள் சிரிப்பார்கள், சிரிக்கட்டும்.

பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் அம்மா கொஞ்ச நேரம் உங்களைப் பார்ப்பார். பிறகு, ‘எங்கிட்டு இருந்து வாரீக?’ என்று கேட்பார். கரிசலில் புது முகத்தைப் பார்த்தால் முதலில் வரும் கேள்வி இது. வழிகாட்டியோடு போகிறவரிடம் இதை யாரும் கேட்பதில்லை, அவர் எங்கிருந்து வருகிறார் என்பது வேனைப் பார்த்தாலே தெரிந்துவிடும். யோசித்துப் பார்த்தால் ‘கோபல்ல கிராமம்’ நாவலே இந்தக் கேள்விக்கு ஒரு கூட்டம் சொன்ன பதில்தான். நூற்று முப்பத்தேழு வயசுப் பூட்டி மங்கத்தாயாரு அம்மாள், எங்கிருந்து வந்தோம், ஏன் வந்தோம், வழியில் யாரை இழந்தோம் என்று சொல்லச் சொல்லத்தான் அது நாவல் ஆகிறது. கேள்வி உங்களிடம் வரும்போது போனை உள்ளே வைத்துவிட்டுப் பதில் சொல்லுங்கள். ஊர் பெயரோடு நிறுத்த வேண்டாம். அப்பா என்ன செய்கிறார், தாத்தா ஊர் எது, அந்த ஊரை ஏன் விட்டார்கள் என்று அவர் அடுத்தடுத்துக் கேட்பார். உங்களுக்கே தெரியாத சிலது அதில் இருக்கும்.